ஒபரேஷன் குடம்: முகம் காட்ட விரும்பாதவர்களை எப்படிப் படமெடுப்பது?

நோர்வூட்மழை எழுதியது:

எங்கள் அம்மாயி வீட்டு அடுப்படியில் ஒரு பித்தளைக் குடம் இருக்கிறது. அதன் கழுத்தில் என் சித்தியின் பெயர் வெட்டியிருக்கும். சித்தி பிறந்த கையோடு அம்மாயிக்குக் கருத்தடைச் சத்திரசிகிச்சை நடந்தது; அதற்கு அரசாங்கம் கொடுத்த காசில் வாங்கிய குடம். தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் வரிசை வீடுகளான எங்கள் லயத்தில் அதற்கு ‘ஒபரேஷன் குடம்’ என்று பெயர். பக்கத்துக் காம்பராவில் (லயத்து ஒற்றை அறை வீட்டில்) ஒன்று இருந்தது, மேல் லயத்தில் இரண்டு. பித்தளைக் குடம் எல்லாவற்றுக்குமே அதுதான் பெயர் என்று பத்து வயது வரை நினைத்திருந்தேன்.

இப்போது அந்தக் குடத்தை வைத்து ஓர் ஆவணப்படம் எடுக்கிறேன். கமரா என்னுடையது, ஒலிவாங்கி இரவல். மூன்று மாதம் ஓடிவிட்டது. ஒன்பது பெண்கள் பேசியிருக்கிறார்கள். ஆனால் கமராவை மூடிவைத்த பிறகுதான் பேசுகிறார்கள். இஸ்தோப்பில், அதாவது முன் திண்ணையில் உட்கார்ந்து தேங்காய் துருவிக்கொண்டே எல்லாவற்றையும் கொட்டிவிட்டு, நான் கமராவைத் தூக்கியதும், “தோட்டத்தில் நல்ல வசதி செய்து கொடுத்திருக்கிறார்கள்” என்கிறார்கள். அமைச்சர் யாரோ வந்து நிற்பது போல!

ஒருவர் மட்டும், “கையை எடு மகள், முகத்தை எடுக்காதே” என்றார். எடுத்தேன். கொழுந்துக் கறை ஏறிக் கறுத்த விரல்கள். பெருவிரலிலும் ஆட்காட்டி விரலிலும் வெடிப்புகள். பேசும்போது அந்தக் கை தன்பாட்டில் சேலைக்கு மேலாக அடிவயிற்றைத் தடவிக்கொண்டிருந்தது. நாற்பது நிமிடம். மூன்றாவது நிமிடத்திலேயே மழை பிடித்துக்கொண்டது. தகரக் கூரை. பதிவில் ஒரு சொல்கூடத் தெளிவாக இல்லை.

அனுபவம் உள்ளவர்களிடம் கேட்கிறேன். முகத்தை மங்கலாக்கிக் காட்டலாமா? கருத்தடையைப் பற்றிய படத்தில் கருக்கலைப்பையும் பேசினால் இரண்டும் கெட்டுவிடுமா? இன்னொன்றும் இருக்கிறது. ஒன்பது பேரில் நால்வர், “யாரும் பிடித்து இழுத்துப் போகவில்லை, நானேதான் கேட்டேன்” என்கிறார்கள். நான் நினைத்துக்கொண்டு போன படம் அதுவல்ல. அந்த நால்வரை என்ன செய்வது?

வெட்டும்_ஒட்டும் எழுதியது:

படத்தொகுப்பு என் பிழைப்பு, அதனால் முதலில் மங்கலாக்குவதைப் பற்றி. அது கொழும்பில் இருப்பவரிடமிருந்து ஆளை மறைக்கும், லயத்திலிருந்து மறைக்காது. நடையை வைத்தே, இருமலை வைத்தே, இடுப்பில் கட்டியிருக்கும் படங்குச் சாக்கை வைத்தே இன்னார் என்று சொல்லிவிடுவார்கள். அவர் யாருக்குப் பயப்படுகிறார் என்று முதலில் கேளுங்கள். கொழும்புக்கா, பக்கத்துக் காம்பராவுக்கா?

அடுத்தது அந்தக் குடத்தின் பெயர். போர்த்தோ ரிக்கோவில் பிள்ளை பெறும் வயதுப் பெண்களில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினர் கருத்தடை செய்யப்பட்டிருந்தார்கள். அங்கே பெண்கள் அதை வெறுமனே ‘லா ஒபரேசியோன்’ என்றுதான் சொல்வார்கள். அனா மரியா கார்சியா 1982இல் எடுத்த ஆவணப்படத்துக்கும் அதுவே தலைப்பு. கடலுக்கு அப்பால் கரும்புத் தோட்டத் தீவிலும் உங்கள் தேயிலை மலையிலும் ஒரே சொல்! எந்த ஒபரேஷன் என்று யாரும் கேட்பதில்லை, வேறு ஒபரேஷன் அவர்களுக்கு வாய்த்ததும் இல்லை.

மழை விழுந்த பதிவைத் தூக்கி எறியாதீர்கள். கையும் மழையும் மட்டும் ஒரு முழு நிமிடம் ஓடட்டும். அவர் பேசுகிறார், நமக்குக் கேட்கவில்லை. ஆயிரம் பேட்டியில் கிடைக்காத காட்சி அது.

மஸ்கெலியா_சிவம் எழுதியது:

தங்கச்சி, சுற்றி வளைப்பானேன்? இது திட்டமிட்ட இன அழிப்பு. 1948இல் தோட்டத் தமிழரின் குடியுரிமையைப் பறித்தார்கள். 1964 இலங்கை-இந்திய ஒப்பந்தத்தில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவது, 3,00,000 பேரை இங்கே வைத்துக்கொள்வது என்று ஆடுமாடு போலத் தலை எண்ணிப் பிரித்தார்கள். எண்ணிப் பிரித்தவர்களுக்கு அந்த எண்ணிக்கை இனிமேல் கூடக்கூடாது என்ற எண்ணமும் இருந்திருக்கும். 80-களில் தோட்டக் கம்பனிகள் லொறியில் ஏற்றிக்கொண்டு போய் ஒபரேஷன் செய்தார்கள். அந்த நால்வரும் “நானே கேட்டேன்” என்று சொல்வது பயத்தில். படத்தில் அதைப் போட்டால் அரசாங்கத்துக்கு நற்சான்றிதழ் கொடுத்ததாகிவிடும். நீக்கிவிடுங்கள்.

பழைய_டீச்சர் எழுதியது:

சிவம் தம்பி, ஒரு திருத்தம். 80-களில் கம்பனிகள் இல்லை. 1975இல் பெருந்தோட்டங்களை அரசு எடுத்தது, கம்பனிகளின் கையில் நிர்வாகம் போனது 1992இல். நீங்கள் சொல்லும் லொறியை அனுப்பியது யாராக இருந்தாலும் அது கம்பனி அல்ல. இப்படி ஒரு பிழையை வைத்துத்தான் எதிர்த்தரப்பு முழுப் படத்தையும் தள்ளிவிடும். முப்பத்திரண்டு வருடம் ஹட்டன் பக்கம் வரலாறு படிப்பித்தவளுக்கு இந்தப் பழக்கம் போகாது, மன்னித்துக்கொள்ளுங்கள்.

பணம் கொடுத்தது உண்மை. 1980இலிருந்து அரசே கொடுத்தது, ஒரு காலத்தில் அது 500 ரூபா. ஆனால் தோட்டத்துக்கு மட்டும் அல்ல. நாடு முழுவதற்கும், ஆணுக்கும் பெண்ணுக்கும். சிங்களக் கிராமத்து ஏழையும் வாங்கினான். அப்படியானால் தோட்டத்தில் ஒன்றுமே வேறாக நடக்கவில்லையா? நடந்தது. நாட்டின் குடும்ப நல ஆய்வுகளைப் பாருங்கள், நகரம், கிராமம், தோட்டம் என்று பிரித்திருக்கும். நிரந்தரக் கருத்தடை தோட்டத்தில் மற்ற இரண்டையும் விட எடுப்பாக உயர்ந்து நிற்கும். கிராமத்துப் பெண்ணுக்கு மாத்திரை, கருப்பையில் வைக்கும் லூப், ஊசி என்று நாலு வழி சொல்லப்பட்டபோது, தோட்டத்துப் பெண்ணின் முன்னால் வைக்கப்பட்டது பெரும்பாலும் ஒரே வழி. 500 ரூபா எல்லோருக்கும் 500 ரூபாதான். ஆனால் ஆணுக்குச் சமமான நாட்சம்பளத்தைத் தோட்டப் பெண் பெற்றதே 1984இல். அவளுடைய கையில் அந்த 500 எவ்வளவு கனத்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

இன்னொரு கணக்கும் உண்டு. பிரசவ விடுமுறைச் சம்பளம், வேலை நேரத்தில் பிள்ளைகளை விடும் பிள்ளைக் காம்பரா, அங்கே ஒரு ஆயா, பிள்ளைக்குப் பால்மா. ஒவ்வொரு பிறப்பும் தோட்டத்துக் கணக்குப் புத்தகத்தில் செலவுப் பக்கத்தில் ஏறும். கொழுந்து எடுக்கும் கை ஒரு நாளும் நிற்கக்கூடாது. இன வெறுப்பு மட்டுமே காரணம் என்று சொன்னால் இந்தக் கணக்குப் புத்தகம் தப்பிவிடும்.

மகளே, அந்த நால்வரை நீக்காதே.

கூடைக்காரி_மகள் எழுதியது:

இழையை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். அவர் சொல்லச் சொல்ல எழுதுகிறேன்.

“நானும் ஒபரேஷன் செய்தவள்தான். 85ஆம் வருடம், மூன்றாவது பிள்ளைக்குப் பிறகு. 73, 74 பஞ்சத்தில் நான் சின்னப் பிள்ளை. மா இல்லை, அரிசி இல்லை. தோட்டத்தில் காட்டுக் கிழங்கு தோண்டித் தின்றோம். எனக்குக் கீழே இருந்த தம்பி வயிற்றோட்டத்தில் போனான். அம்மா அழக்கூட இல்லை, அழுவதற்கு உடம்பில் பலம் இருக்கவில்லை. அன்றைக்கே எனக்குள் முடிவாகிவிட்டது, சோறு போட முடியாத எண்ணிக்கைக்குப் பெறுவதில்லை என்று. மாமியார் தடுத்தார், வீட்டுக்காரர் தடுத்தார். எட்டு மாதம் வரைக்கும் மலையில் நின்று, கூடை நிறையாமல் அரைப்பேர், அரை நாள் சம்பளம், வாங்கிக்கொண்டு வந்தவள் நான். அவர்களா நின்றார்கள்? நானே மருந்துசாலைக்குப் போய்ப் பெயர் கொடுத்தேன். அதை ‘பயத்தில் சொல்கிறாள்’ என்று எழுதியிருக்கும் தம்பி யார்? என் பயம் அவருக்கு எப்படித் தெரியும்?”

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு இதையும் எழுதச் சொன்னார்:

“ஆனால் அதைத் திரும்ப அவிழ்க்க முடியாது என்று யாரும் சொல்லவில்லை. கடதாசி சிங்களத்தில் இருந்தது. கைநாட்டு வைத்தேன். இரண்டாவது மகன் எட்டு வயதில் காய்ச்சலில் போனபோது, போய்க் கேட்டேன், அவிழ்த்துவிடுங்கள் என்று. சிரித்தார்கள். ஒபரேஷனுக்காக நான் அழுததில்லை, அந்தச் சிரிப்புக்கு அழுதேன்.”

மஸ்கெலியா_சிவம் எழுதியது:

அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்லுங்கள். ‘பயத்தில்’ என்று எழுதியது தவறு. மற்றது பற்றி என் கருத்து மாறவில்லை.

வெட்டும்_ஒட்டும் எழுதியது:

சிங்களக் கடதாசி. இந்தச் சொல்லுக்காகத்தான் காத்திருந்தேன். 1960-களின் கடைசியிலும் 70-களிலும் லொஸ் ஏஞ்சலிஸ் நகரத்து ஆஸ்பத்திரி ஒன்றில் மெக்சிக்கோவிலிருந்து குடியேறிய ஏழைப் பெண்களுக்கு நடந்ததும் இதுதான். இடுப்புவலியில் துடிக்கும்போது ஆங்கிலத்தில் அச்சிட்ட தாளை நீட்டினார்கள். பத்துப் பெண்கள் வழக்குப் போட்டார்கள். 1978இல் தோற்றார்கள். ஆனாலும் நோயாளியின் மொழியில்தான் சம்மதம் வாங்க வேண்டும் என்ற விதிகளுக்கு அந்த வழக்கு வழிவிட்டது. ரெனி தஜிமா-பெனியா 2015இல் ‘நோ மாஸ் பெபேஸ்’ என்று அதைப் படமாக்கினார். முடிந்தால் பாருங்கள். டாக்டர்களையும் உட்காரவைத்துப் பேசவிட்டிருப்பார். அவர்களை அரக்கர்களாகக் காட்டவில்லை, அதுதான் குலைநடுங்க வைக்கிறது.

இந்தியாவில் தீபா தன்ராஜ் 1991இல் எடுத்த ‘சம்திங் லைக் எ வார்’ இன்னும் நெருக்கமானது. அவசரநிலைக் காலத்தில், 1975க்கும் 77க்கும் இடையில், ஆண்களை இழுத்துக்கொண்டு போய்க் கருத்தடை செய்ததில் ஆட்சியே கவிழ்ந்தது. அதன் பிறகு திட்டம் பெண்களின் பக்கம் திரும்பியது. படத்தில் சத்திரசிகிச்சை முகாம் ஒரு பக்கம் ஓடுகிறது. இன்னொரு பக்கம் பெண்கள் வட்டமாக உட்கார்ந்து தரையில் பெண்ணுடல் ஒன்றை வரைந்து வைத்துக்கொண்டு, தங்கள் உடலைப் பற்றித் தாங்களே பேசுகிறார்கள். தனித்தனியாகப் பேட்டி கண்டால் சாட்சி சொல்வது போல ஆகிவிடும். வட்டமாக உட்கார்ந்தால் ஒருத்தி தொடங்கியதை இன்னொருத்தி முடிப்பாள்.

கொட்டகலையான் எழுதியது:

பெண்களின் அந்தரங்கத்தைச் சந்தைக்குக் கொண்டுவருவதா பெண்ணியம்?

மலை_மருத்துவமாது எழுதியது:

அண்ணா, அந்தரங்கமாக இருந்தபோதுதான் கைநாட்டு வாங்கினார்கள்.

நான் தோட்டத்தில் பிறந்து, குடும்ப நல உத்தியோகத்தராகத் தோட்டங்களிலேயே வேலை செய்கிறவள். ஒன்றை மட்டும் சொல்லிவிட்டுப் போகிறேன். இப்போது மூன்று மாத ஊசி இருக்கிறது, கையில் வைக்கும் ஐந்து வருடக் குச்சி இருக்கிறது, பத்து வருட லூப் இருக்கிறது. தமிழில் வாசித்துக் காட்டி, திருப்பிச் சொல்லவைத்து, பிறகுதான் கையொப்பம் வாங்குகிறேன். அப்படியிருந்தும் சிலர், “ஒரேயடியாக முடித்துவிடுங்கள் மிஸ்” என்கிறார்கள். ஏன் என்று கேட்டால், கிளினிக் நாள் வேலை நாளில் வருகிறது. போனால் அன்றைய பேர், அந்த நாள் சம்பளம், போச்சு. பஸ் கிடைக்காவிட்டால் முச்சக்கரவண்டிக்கு அழவேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை இந்தப் பாடு படுவதைவிட ஒரு முறை வலியைப் பொறுத்துக்கொள்ளலாம் என்று கணக்குப் போடுகிறார்கள். அது அவளுடைய விருப்பமா, நாட்கூலியின் விருப்பமா? பத்து வருடமாக எனக்கு விடை தெரியவில்லை. உங்கள் படம் அந்த இடத்தில் நின்றால் நன்றாக இருக்கும்.

அப்புறம், ஆண்களின் சத்திரசிகிச்சை இதைவிடச் சின்னது, சீக்கிரம் ஆறுவது. நான் வேலைக்கு வந்த நாள் முதல் என் பிரிவில் யாரும் வந்து கேட்டதில்லை. கொட்டகலை அண்ணா விரும்பினால் விவரம் தருகிறேன்.

பெயர்_வேண்டாம் எழுதியது:

இதற்காகவே புதிய பெயரில் வந்திருக்கிறேன். ஊரும் சொல்ல மாட்டேன்.

எல்லோரும் பிள்ளை பெறாமல் செய்யப்பட்டதைப் பேசுகிறீர்கள். பெறமாட்டேன் என்றவள் என்ன ஆனாள் என்றும் பேசுங்கள். பத்தொன்பது வயதில் கொழும்பில் வீட்டு வேலைக்குப் போன இடத்தில் எனக்கு நடந்தது. யாரால் என்று எழுத விரும்பவில்லை. ஒரு மருந்துக்கடையின் பின்வாசலில் நான்கு மாத்திரை, என் ஒன்றரை மாதச் சம்பளம். என்ன மாத்திரை, எப்படிப் போடுவது என்று யாரும் சொல்லவில்லை. மூன்று நாள் இரத்தம் நிற்கவில்லை. ஆஸ்பத்திரிக்குப் போனால் பொலிஸைக் கூப்பிடுவார்கள் என்ற பயத்தில் லயத்துக்கு வந்து படுத்துக்கொண்டேன். அம்மா ஒன்றும் கேட்கவில்லை. பெருங்காயமும் வெல்லமும் இடித்துக் கொடுத்தார். தெரிந்துதான் கொடுத்தார் என்று நினைக்கிறேன்.

அம்மாவுக்கு 80-களில் ஒபரேஷன். அவரிடம் சரியாகக் கேட்கவில்லை, என்னிடம் கேட்கவே இல்லை. இரண்டு படமா இது?

பழைய_டீச்சர் எழுதியது:

இல்லை மகளே. ஒரே படம்தான்.

சட்டத்தை மட்டும் இங்கே வைத்துவிடுகிறேன், இழையைப் படிக்கும் மற்றப் பிள்ளைகளுக்காக. நம் தண்டனைச் சட்டக்கோவை 1883ஆம் ஆண்டில் ஆங்கிலேயன் எழுதியது. இந்த மலையில் கோப்பி நோயில் அழிந்து தேயிலை ஏறிக்கொண்டிருந்த காலம். கோப்பி போனது, ஆங்கிலேயன் போனான், 303ஆம் பிரிவு போகவில்லை. தாயின் உயிரைக் காப்பாற்ற மட்டுமே கருக்கலைப்புக்கு இடம். மற்றபடி மூன்று ஆண்டு வரை சிறை. சிசு அசையத் தொடங்கிய பிறகென்றால் ஏழு ஆண்டு வரை. தானே கலைத்துக்கொண்ட பெண்ணும் அதில் குற்றவாளி. 1995இல் தளர்த்தப் பாராளுமன்றத்துக்குக் கொண்டுபோய், அந்தத் திருத்தத்தை மட்டும் திரும்பப் பெற்றார்கள். 2017இல் பாலியல் வன்முறையால் உண்டான கருவுக்கும் பிழைக்க வழியில்லாத சிசுவுக்குமாவது அனுமதி என்று பேச்செடுத்தார்கள். சமயத் தலைவர்கள் எதிர்த்தார்கள், அதுவும் படுத்துக்கொண்டது.

ஒரே அரசு ஒரு பெண்ணுக்குப் பிள்ளை பெறாதே என்று 500 ரூபா கொடுத்தது, அவளுடைய மகளுக்குப் பெற்றே ஆகவேண்டும் என்று சிறையைக் காட்டுகிறது.

வெட்டும்_ஒட்டும் எழுதியது:

டீச்சர் சொன்ன சட்டத்தால் நோர்வூட்மழைக்கு ஒரு நடைமுறை எச்சரிக்கை. கருத்தடை பற்றி ஒருவர் சொல்வது அனுபவம், கருக்கலைப்புப் பற்றிச் சொல்வது ஒப்புதல் வாக்குமூலம். உங்கள் வன்தட்டில் இருக்கும் பதிவு நாளைக்கு யார் கையிலாவது சாட்சியமாகலாம். ஆகவே அந்தக் கதைகளைப் பதிவு செய்யவே செய்யாதீர்கள். கேளுங்கள், பெயரில்லாமல் எழுதிக்கொள்ளுங்கள். பிரான்சில் 1973இல் கருக்கலைப்பைக் காட்டிய ஒரு படத்தை அரசு தடை செய்தது. ஒளித்து ஒளித்து ஊரூராகக் காட்டினார்கள், 1975இல் சட்டமே மாறியது. அங்கே பின்னால் ஒரு பெரிய இயக்கம் இருந்தது. நம் பின்னால் இந்த இழை இருக்கிறது.

பெருவில் 90-களில் கட்டாயக் கருத்தடைக்கு உள்ளான பெண்களுக்காக ‘கீபூ’ என்ற ஆவணத் திட்டத்தில் இலவசத் தொலைபேசி எண் ஒன்றைக் கொடுத்தார்கள். கமராவே இல்லை. மலைக்கிராமத்திலிருந்து அழைத்துத் தன் மொழியில் தன் கதையைச் சொல்லலாம், மற்றவள் சொன்னதையும் கேட்கலாம். அப்படி ஏதாவது?

நோர்வூட்மழை எழுதியது:

தொலைபேசி யோசனை நல்லது அண்ணா. ஆனால் குரலை வைத்தும் எங்கள் லயத்தில் ஆளைக் கண்டுபிடித்துவிடுவார்கள். யோசிக்கிறேன்.

பெயர்_வேண்டாம் அக்காவுக்கு: இழையை மூடிவிட்டு வெளியே போய் நின்றேன். நன்றி என்பதைத் தவிர எழுதத் தெரியவில்லை.

பழைய_டீச்சர் எழுதியது:

ஒப்பாரியை நினைத்துப் பார். செத்த வீட்டில் ஒருத்தி தன் துக்கத்தைப் பக்கத்து வீட்டுக்காரியின் துக்கம் போலச் சொல்லி அழுவாள். யாருடைய கதை என்று யாரும் கேட்கமாட்டார்கள். நம் பெண்களுக்கு இந்த வித்தை புதிதல்ல. 1940-களுக்கு முன்பே தொழிற்சங்கத்தில் உழைத்த மீனாட்சியம்மாள் நடேசய்யர் தோட்டம் தோட்டமாகப் போய்ப் பாட்டிலேயே அரசியல் பேசினார்.

நோர்வூட்மழை எழுதியது (மூன்று வாரங்களுக்குப் பிறகு):

டீச்சர் சொன்னதைப் பிடித்துக்கொண்டேன். ஞாயிற்றுக்கிழமை பிள்ளைக் காம்பராவைக் கேட்டு வாங்கி ஒன்பது பேரையும் வட்டமாக உட்காரவைத்தேன். சின்னப் பிள்ளைகளின் தொட்டில் சேலைகள் மேலே தொங்கிக்கொண்டிருந்தன. விதி ஒன்றுதான்: யாரும் தன் கதையைச் சொல்லக்கூடாது, இன்னொருத்தியின் கதையை ‘நான்’ என்று சொல்லவேண்டும். முதல் பத்து நிமிடம் ஒரே சிரிப்பு. “நான் இவளைவிட அழகு, என் கதையை இவள் எப்படிச் சொல்வாள்?” பிறகு ஆரம்பித்தார்கள். “நானே கேட்டேன்” என்ற கதையை, கேட்காமலே செய்யப்பட்ட ஒருவர் சொன்னார். பாதியில் நின்று, “நீ உண்மையிலேயே கேட்டாயா?” என்று தன் கதையைக் கொடுத்தவரைத் திரும்பிப் பார்த்தார். அவர் தலையசைத்தார். அதற்குமேல் ஐந்து நிமிடம் இருவரும் எங்களை மறந்துவிட்டுப் பேசிக்கொண்டிருந்தார்கள். கமரா ஓடிக்கொண்டிருந்தது. முகத்தை எடுக்கலாமா என்று கேட்டதற்கு, “இப்போது எது யாருடையது என்று உனக்கே தெரியாதே, எடுத்துக்கொள்” என்றார்கள். ஒருவர் மட்டும் வேண்டாம் என்றார். அவர் வரும் இடத்தில் கைகளும் மழையும்தான்.

பெயர்_வேண்டாம் அக்கா அனுமதி கொடுத்ததால், அவர் இங்கே எழுதியதிலிருந்து ஒரு பகுதியையும் ஒருவர் வாசித்தார். யார் எழுதியது என்று நான் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. பின்னால் இருந்த ஒருவர், “பெருங்காயமும் வெல்லமும்” என்று மட்டும் மெதுவாகச் சொன்னார். இன்னும் இருவர் ஆமென்றார்கள்.

நேற்றுப் படத்தின் முதல் தொகுப்பை அம்மாயிக்குத் தனியாகப் போட்டுக் காட்டினேன். இருபத்தாறு நிமிடம் அசையாமல் பார்த்தார். முடிந்ததும், “குடத்தை இப்படியா எடுப்பாய்? களிம்பு பிடித்துக் கிடக்கிறது, ஊரெல்லாம் பார்க்கும்” என்று திட்டினார். காலையில் எழுந்து பார்த்தால் தண்ணீர் விழும் பீலியடியில் உட்கார்ந்து புளியும் சாம்பலும் போட்டு விளக்கிக்கொண்டிருக்கிறார். சித்தியின் பெயர் இப்போது பளிச்சென்று தெரிகிறது.

ஞாயிறு மறுபடி எடுக்கவேண்டும். மழை இல்லாமல் இருந்தால் சரி.